பெயர் வேண்டாம், அந்தப் பாதிச் சிரிப்பு போதும்

பிடித்த நடிகையை மனதில் வைத்து எழுதிய என் முதல் ரசிகர் கதையில் நாயகி மயிலாப்பூர் மாடவீதியில் அழுதபடி ஓடத் தொடங்கி, அடுத்த வரியில் பெசன்ட் நகர் கடற்கரையில் மூச்சிரைக்க நின்றாள். இடையில் அடையாறு என்று ஓர் ஆறு ஓடுவதை அவளும் கவனிக்கவில்லை, எழுதிய நானும் கவனிக்கவில்லை. அவளுக்கு நான் வைத்திருந்தது, அப்போது எனக்கு மிகவும் பிடித்திருந்த ஒரு நடிகையின் பெயரேதான். பதினொரு அத்தியாயங்கள். உட்கார்ந்த இடத்தில் படித்து முடித்த என் தங்கை ஒன்றே ஒன்றுதான் கேட்டாள்: "அக்கா, இவள் என்ன வேலை பார்க்கிறாள்?"

என்னிடம் பதில் இல்லை. அவளுக்குக் கூந்தல் இருந்தது, கண்கள் இருந்தன, அத்தியாயத்துக்கு ஒரு புடவை இருந்தது. வேலை, வீட்டு வாடகை, பல்வலி எதுவும் கிடையாது. அந்தக் கதையை அழித்துவிட்டேன். பிறகு எழுதியவற்றில் பட்டுத் தெரிந்துகொண்டதை, இப்படி ஒரு காதல் கதையை இப்போதுதான் எழுத உட்காரும் ஒருவருக்குச் சொல்வதுபோல இங்கே வரிசையாகச் சொல்கிறேன். உங்கள் மனதில் இருக்கும் நடிகை யாராகவும் இருக்கட்டும். கதை நடக்கும் ஊர் சென்னை என்று வைத்துக்கொள்கிறேன்; எனக்குத் தெருத் தெருவாகத் தெரிந்த ஊர் அது ஒன்றுதான்.

முதல் படி: ஒலியை அணைத்துவிட்டுப் பாருங்கள்

பிடித்த படத்தில் இரண்டு மூன்று நிமிடக் காட்சி ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள். பாட்டு வேண்டாம், சண்டை வேண்டாம். அவர் யாருடனோ உட்கார்ந்து பேசும் காட்சியாக இருந்தால் நல்லது. முதலில் ஒலியை அணைத்துவிட்டுப் பாருங்கள். பிறகு கைப்பேசியைக் கவிழ்த்து வைத்துவிட்டு ஒலியை மட்டும் கேளுங்கள். இரண்டுக்கும் தனித்தனியாகக் குறிப்பு எடுங்கள்.

தனித்தனியாக எதற்கு? இரண்டும் ஒரே ஆளுடையதாக இல்லாமல் இருக்கலாம் என்பதால்தான். 2010-இல் வந்த 'விண்ணைத்தாண்டி வருவாயா' படத்தில் திரிஷா பேசும்போது நம் காதில் விழுவது பாடகி சின்மயியின் குரல். 2018-இல் வந்த '96' படத்திலும் அப்படியே. நயன்தாராவுக்குப் பல படங்களில் தீபா வெங்கட் குரல் கொடுத்திருக்கிறார். இன்னும் பின்னே போனால், சரோஜாதேவி வாயசைத்த எத்தனையோ பாடல்கள் பி. சுசீலா பாடியவை. இதில் ஒளிவு மறைவு ஒன்றும் இல்லை, ஊரறிந்த விஷயம்தான். ஆனால் கொஞ்சம் கூட்டிப் பாருங்கள். முகம் ஒருவருடையது, குரல் இன்னொருவருடையது. வசனத்தை ஒருவர் எழுதினார், புடவையை ஒருவர் எடுத்துக் கொடுத்தார், எந்தக் கன்னத்தில் வெளிச்சம் விழ வேண்டும் என்று ஒளிப்பதிவாளர் முடிவு செய்தார். நீங்கள் மனதைப் பறிகொடுத்தது இத்தனை பேர் சேர்ந்து கட்டிய ஒரு பெண்ணிடம். அவளுக்கு ரேஷன் கார்டு கிடையாது.

இது புரிந்த அன்று எனக்குப் பெரிய பாரம் இறங்கியது. அதுவரை, ஒரு உயிருள்ள மனுஷியின் வாழ்க்கைக்குள் அனுமதி இல்லாமல் நுழைகிறோமே என்ற உறுத்தல் இருந்துகொண்டே இருந்தது. அந்த உறுத்தல் நியாயமானதுதான். நடிகை எங்கோ தன் வீட்டில், தன் பாட்டுக்கு இருக்கிறார். அவருடைய காதல், கல்யாணம், மணமுறிவு, குழந்தை எதுவும் நம் கதைக்கு மூலப்பொருள் இல்லை. திரையில் கட்டப்பட்ட அந்தப் பெண்ணிடமிருந்து மட்டும்தான் நாம் கடன் வாங்கலாம்.

அதிலும் ஒரே ஓர் அசைவு. குறிப்பேட்டில் "கண்கள் பேசும்" என்று எழுதியிருந்தால் அடித்துவிடுங்கள், அது அசைவு இல்லை, போஸ்டர் வாசகம். "அழகாகச் சிரிப்பார்" என்பதும் அப்படியே. உங்கள் அம்மாவிடம் சொன்னால் அவர் அடுக்களையில் நின்றபடி செய்து காட்டக்கூடியதாக இருக்க வேண்டும். என் குறிப்பேட்டில் இருந்த ஒரு வரி இது: "சிரிக்கத் தொடங்குகிறார், பாதியில் நிறுத்துகிறார், எதிரில் இருப்பவரும் சிரிக்கிறாரா என்று பார்த்துவிட்டுத்தான் மீதியைச் சிரிக்கிறார்."

எந்த நடிகை என்று சொல்லப்போவதில்லை. எனக்கு முக்கியமாகப்பட்டது அடுத்த கேள்வி. ஒரு பெண் ஏன் அப்படிச் சிரிப்பாள்? தனியாகச் சிரித்தால் "என்ன இளிப்பு?" என்று அதட்டும் வீட்டில் வளர்ந்திருப்பாளோ? இதை எழுதியதும் நடிகை போய்விட்டார். வேறு ஒருத்தி வந்து உட்கார்ந்துவிட்டாள்.

இரண்டாம் படி: பெயர்

நடிகையின் பெயரை வைக்காதீர்கள். ஓர் எழுத்தை மாற்றியும் வைக்காதீர்கள். அவர் நடித்துப் புகழ்பெற்ற பாத்திரத்தின் பெயரும் வேண்டாம். பெயரைச் சொன்னதும் வாசகர் மனதில் முகம் வந்துவிடும், எழுதுகிறவருக்கு வேலை மிச்சம். அந்த மிச்சம்தான் கதையைக் கெடுக்கிறது.

நாயகி எந்த ஆண்டு பிறந்தாள் என்று முதலில் முடிவு செய்யுங்கள். தொண்ணூறுகளில் சென்னையில் பிறந்தவள் என்றால் திவ்யா, பிரியா, ஐஸ்வர்யா என்று வகுப்புக்கு இரண்டு மூன்று பேர் இருந்திருப்பார்கள். என் நாயகி ஆர். திவ்யா. வகுப்பில் மூன்று திவ்யாக்கள் என்பதால் இனிஷியலோடு சேர்த்தே கூப்பிட்டுப் பழகி, இன்றைக்கும் யாராவது பெயர் கேட்டால் "ஆர். திவ்யா" என்றுதான் சொல்வாள். ஒரு பெயரில் இவ்வளவு கிடைத்தால் போதும், மேலே போகலாம்.

மூன்றாம் படி: வேலை

இங்கேதான் நிறையப் பேர் சறுக்குகிறார்கள். பழைய மகாபலிபுரம் சாலையில் ஒரு கண்ணாடிக் கட்டடம், அதில் மென்பொருள் நிறுவனம், நாயகி கழுத்தில் அடையாள அட்டை. அவள் காலை பதினொரு மணிக்கு அந்த நாற்காலியில் உட்கார்ந்து என்னதான் செய்கிறாள் என்று உங்களால் ஒரு பக்கம் எழுத முடியும் என்றால் அந்த வேலையைக் கொடுங்கள். முடியாது என்றால் வேண்டாம்.

முன்பின் தெரியாதவர்களைச் சந்திக்க வைக்கும் வேலையாகப் பாருங்கள். அதே ஆளை மறுபடியும் சந்திக்கக் காரணமும் அந்த வேலைக்குள்ளேயே இருந்துவிட்டால் யோகம்தான். எனக்கு அந்த யோகம் எங்கள் வீட்டு வாசலிலேயே கிடைத்தது. ரத்தப் பரிசோதனை நிலையத்திலிருந்து வீட்டுக்கு வந்து ரத்தம் எடுத்துப் போகும் பெண்களைப் பார்த்திருப்பீர்கள். காலை ஆறு மணிக்கெல்லாம் ஸ்கூட்டர், தோளில் குளிர்பெட்டி, கையில் ஒரு பட்டியல். சர்க்கரைக்குப் பார்ப்பது என்றால் இரண்டு முறை எடுக்க வேண்டும்: எட்டு மணி நேரமாவது ஒன்றும் சாப்பிடாமல் இருந்து, வெறும் வயிற்றில் ஒரு முறை, காலைச் சிற்றுண்டி சாப்பிட்டு இரண்டு மணி நேரம் கழித்து இன்னொரு முறை. ஆகவே அவள் அதே நாளில் அதே வீட்டுப் படியை மறுபடியும் ஏறியே தீர வேண்டும். தற்செயலாக எதிரே வருவது, மோதிக்கொள்வது, புத்தகங்கள் சிதறுவது எதுவும் தேவையில்லை. மூன்று மாதச் சராசரியைக் காட்டும் எச்பிஏ1சி சோதனைக்கு வெறும் வயிறு வேண்டாம், ஒரு முறை எடுத்தால் போதும். மருத்துவருக்கு அது வசதி, காதல் கதைக்கு உதவாது.

இப்படி ஒரு வேலையைத் தேர்ந்தெடுத்துவிட்டால், அதைச் செய்கிறவர் ஒருவரிடம் அரை மணி நேரம் பேசுங்கள். சர்க்கரைச் சோதனைக்குச் சாம்பல் நிற மூடி போட்ட குப்பி, எச்பிஏ1சிக்கு ஊதா மூடி என்பதெல்லாம் அப்படித்தான் தெரிந்தது. அவளுக்கு நரம்பு அகப்படாத கிழவர்கள் உண்டு, ஊசியைப் பார்த்ததும் கண்ணை மூடிக்கொள்ளும் பெரிய மனிதர்கள் உண்டு, நாய் வளர்ப்பவர்கள் உண்டு. கூடவே ஒரு தாளில் இவற்றையும் எழுதிக்கொள்ளுங்கள்: எத்தனை மணிக்கு எழுகிறாள், சம்பளம் வந்ததும் யாரிடம் கொடுக்கிறாள், எதைப் பற்றிப் பொய் சொல்வாள். இதில் முக்கால்வாசி கதைக்குள் வராது. வராவிட்டாலும் எழுதி வையுங்கள்.

நான்காம் படி: முதல் சந்திப்பு

மாதிரிக்கு என் கதையிலிருந்து ஒரு துண்டு. இடம் மேற்கு மாம்பலம், இரண்டாம் மாடி, காலை ஆறேகால் மணி.

"காபி குடித்துவிட்டேன் என்று சொன்னால் திட்டுவாயா?" பாட்டி கையை நீட்டியபடியே கேட்டாள்.

திவ்யா ரப்பர் பட்டையை இறுக்குவதை நிறுத்தினாள். "சர்க்கரை போட்டா, போடாமலா?"

"போட்டுத்தான். பாதி டம்ளர்."

"எத்தனை மணிக்கு?"

"நீ மணி அடித்தாயே, அப்போது."

திவ்யா சிரித்தாள். பாதியில் நிறுத்தி, கதவோரம் நின்ற முரளியைப் பார்த்தாள். அவன் சிரிக்கவில்லை. பாட்டியின் கட்டிலுக்கு அடியில் டம்ளர் எப்படிப் போனது என்று யோசித்துக்கொண்டிருந்தான். அவள் மீதிச் சிரிப்பை விழுங்கிக்கொண்டு பட்டையைக் கழற்றினாள்.

"நாளைக்கு வருகிறேன் பாட்டி. தண்ணீர் மட்டும்தான், தெரிகிறதா?"

அவ்வளவுதான். கண், கூந்தல், இடை எதுவும் இல்லை. நடிகையிடம் கடன் வாங்கிய அந்தப் பாதிச் சிரிப்பு மட்டும் இருக்கிறது. முரளி சிரித்திருக்க வேண்டிய இடத்தில் சிரிக்கவில்லை. இனி அந்த மீதிச் சிரிப்பை அவன் எப்போது பார்க்கப்போகிறான் என்பதுதான் கதை. மறுநாளும் பாட்டி காபி குடித்துவிட்டுத்தான் உட்கார்ந்திருந்தாள் என்றால், அது இரண்டாம் அத்தியாயம். பாட்டி தெரிந்தேதான் செய்கிறாளா என்பதை நான் கடைசிவரை சொல்லவில்லை.

நாயகனைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றும் இல்லை. ஆறடி உயரம், நான்கு தொழிற்சாலை, மூக்குக்கு மேல் கோபம் என்ற ஆள் இணையத் தொடர்களில் ஏற்கனவே நிறைய இருக்கிறார், அவருக்கு நம் உதவி தேவைப்படாது. ஒன்றை மட்டும் வலியுறுத்துவேன். பைக்கில் பின்னாலேயே போவது, அவள் வேண்டாம் என்ற பிறகும் வாசலில் நிற்பது, தெரியாமல் எண்ணை வாங்கிக் குறுஞ்செய்தி அனுப்புவது இவற்றையெல்லாம் காதல் என்று நமக்குச் சினிமா பழக்கிவிட்டது. 2024 ஜூலை முதல் நடைமுறையில் இருக்கும் பாரதிய நியாய சன்ஹிதாவில் 78-ஆம் பிரிவு பெண்ணைப் பின்தொடர்வதைக் குற்றம் என்கிறது. அதற்கு முன்பிருந்த சட்டத்திலும் அது குற்றம்தான். உங்கள் நாயகன் அப்படிப் போகிறவனாக இருந்தால், போகட்டும், ஆனால் கதை அவன் பக்கம் நிற்க வேண்டாம்.

ஐந்தாம் படி: 'நீங்கள்' எப்போது 'நீ' ஆகிறது?

தமிழில் காதல் கதை எழுதுகிறவருக்குக் கிடைத்திருக்கும் பெரிய சொத்து இது. பலர் இதைத் தொடுவதே இல்லை. முதல் அத்தியாயத்தில் 'நீங்கள்', மூன்றாம் அத்தியாயத்தில் திடீரென்று 'நீ', ஏன் என்று எழுதியவருக்கே தெரியாது. என்னைக் கேட்டால், காதலைச் சொல்லும் காட்சியைவிட இந்த மாற்றம் நடக்கும் காட்சிக்குத்தான் அதிகம் உழைக்க வேண்டும்.

ஒரு தாளில் கோடு போட்டு, எந்த அத்தியாயத்தில் யார் யாரை எப்படி அழைக்கிறார்கள் என்று குறித்துக்கொள்ளுங்கள். நான் குறிக்காமல் எழுதத் தொடங்கி நன்றாக மாட்டிக்கொண்டேன். மருத்துவமனை, பரிசோதனை நிலையம் என்றால் நம் ஊரில் பெண்களை 'சிஸ்டர்' என்றுதான் கூப்பிடுவார்கள். முரளியும் முதல் நாள் வழக்கப்படி "சிஸ்டர், பாட்டிக்கு இடது கையில் எடுங்கள்" என்று சொல்லிவிட்டான். அந்தச் சிஸ்டரிலிருந்து அவனை மீட்டெடுக்க எனக்கு மூன்று அத்தியாயங்கள் ஆயின. பின்னால் பார்த்தால், அந்த மூன்றுதான் வாசகர்கள் திரும்பத் திரும்பப் பேசிய அத்தியாயங்கள்.

திவ்யா அவனை முதலில் 'சார்' என்றாள். பிறகு 'முரளி சார்'. பிறகு கொஞ்ச காலம் எதுவும் சொல்லிக் கூப்பிடவில்லை. இந்தக் கட்டம்தான் பொன்னானது. 'நீங்கள்' என்றால் தூரமாக இருக்கிறது, 'நீ' என்றால் அவசரப்படுவதுபோல இருக்கிறது. அப்போது தமிழ் கைகொடுக்கும். "சாப்பிட்டாயிற்றா?", "கிளம்பலாமா?", "மழை வரும்போல இருக்கிறதே, குடை உண்டா?" இவை எதிலும் முன்னிலையே இல்லை; யாரும் யாரையும் எதுவும் சொல்லி அழைக்கவில்லை. இரண்டு பேர் இப்படி ஒரு மாதம் பேசிக்கொண்டிருந்தால் அக்கம்பக்கத்தில் இருப்பவர்களுக்கே புரிந்துவிடும்.

முதல் 'நீ' கோபத்தில் வரட்டும், அல்லது பயத்தில். என் கதையில், பாட்டிக்குச் சர்க்கரை இறங்கி வேர்த்துக் கொட்டிய ஓர் இரவில், முரளி தொலைபேசியில் "திவ்யா, நீ உடனே வா" என்றான். வைத்த பிறகுதான் என்ன சொன்னோம் என்று அவனுக்கு உறைத்தது. அவளுக்கு ஸ்கூட்டர் சாவியைத் தேடும்போதே உறைத்துவிட்டது.

ஒன்றைக் கவனியுங்கள். அவன் 'நீ'க்கு வந்த பிறகும் அவள் 'நீங்கள்' என்றே சொல்லிக்கொண்டிருந்தால், அந்த உறவில் யார் மேலே என்று நீங்கள் சொல்லிவிட்டீர்கள். பழைய படங்களில் அப்படித்தான், பல வீடுகளிலும் அப்படித்தான். உங்கள் கதையிலும் அப்படி இருக்கலாம். ஆனால் கை தவறி நடந்ததாக இருக்கக்கூடாது.

உரையாடலைப் பேச்சுத் தமிழில் எழுதுவதா, எழுத்துத் தமிழில் எழுதுவதா என்று கேட்பார்கள். எதுவானாலும் ஒன்றைப் பிடித்துக்கொண்டு கடைசிவரை போங்கள். வேலைக்காரர்களை மட்டும் கொச்சையாகப் பேசவைத்து நாயகியைச் செந்தமிழில் பேசவைக்கும் பழைய வழக்கம் போதும்.

ஆறாம் படி: ஊரை நடந்து பாருங்கள்

மெரினாவில் சூரியன் கடலில் மறையாது. கடல் கிழக்கே இருக்கிறது. இதைச் சென்னையிலேயே பிறந்து வளர்ந்தவர்கள்கூட மறந்துபோய், நாயகியையும் நாயகனையும் மணலில் உட்காரவைத்து, செந்நிறக் கடலில் சூரியனை இறக்கிவிடுகிறார்கள். மாலையில் கடலைப் பார்த்து உட்கார்ந்தால் சூரியன் முதுகுக்குப் பின்னால், கட்டடங்களுக்கு அப்பால் போய்விடும். கடல் மெல்லச் சாம்பல் நிறமாகும். அதற்குப் பதிலாகப் பௌர்ணமி மாலை ஒன்றைத் தேர்ந்தெடுங்கள். நிலா கடலிலிருந்து எழும். அதைவிட வேறு என்ன வேண்டும்?

மழை வேண்டுமா? சென்னைக்குப் பெரிய மழை அக்டோபரிலிருந்து டிசம்பர் வரை. கத்திரி வெயிலில் நாயகியை நனைய வைத்தால் படிக்கிறவர் புழுக்கத்தோடு சிரிப்பார். தீபாவளிக்கு முந்தைய வாரம் இருவரையும் பிரித்துவிட வேண்டும் என்றால் வில்லன் எதற்கு, மாம்பலம் ரயில் நிலையத்தில் இறக்கி ரங்கநாதன் தெருவுக்குள் விட்டால் போதும்.

பஸ் காட்சி எழுதுகிறவர்களுக்கு ஒரு செய்தி. "இரண்டு டிக்கெட்" என்று நாயகன் கம்பீரமாக நோட்டை நீட்டும் காட்சி செல்லுபடியாகாமல் போய் வருடங்கள் ஆகின்றன. 2021 மே மாதத்திலிருந்து சாதாரணக் கட்டண நகரப் பேருந்துகளில் பெண்களுக்குக் கட்டணம் கிடையாது. பெரம்பூரிலிருந்து பெசன்ட் நகர் போகும் 29சி-யில் இருவரும் ஏறினால், அவன் மட்டும்தான் காசு கொடுக்க வேண்டும். நான் இதை வைத்தே ஒரு காட்சி எழுதினேன். அவனிடம் சில்லறை இல்லை. "என் டிக்கெட்டை நான் பார்த்துக்கொள்கிறேன், உங்களுக்கு வேண்டுமானால் எடுக்கட்டுமா?" என்று திவ்யா கேட்கிறாள். நடத்துநர் சிரித்துவிடுகிறார்.

ரயிலைக் கொண்டுவந்தால் எந்த ரயில் என்று தெளிவாக இருங்கள். மாம்பலமும் சைதாப்பேட்டையும் கடற்கரை–தாம்பரம் பாதையில் இருக்கின்றன. திருமயிலை, மந்தைவெளி, திருவான்மியூர் எல்லாம் வேளச்சேரி போகும் பறக்கும் ரயில் பாதை. திருமயிலை நிலையத்தின் பிரம்மாண்டமான வெற்றுக் கூடத்தைப் பார்த்திருக்கிறீர்களா? மதிய நேரத்தில் செருப்புச் சத்தம் எதிரொலிக்கும். பேச வந்ததைச் சொல்லாமல் இரண்டு பேர் நடந்துகொண்டே இருக்க, இந்த ஊரில் அதைவிட நல்ல இடம் எனக்குத் தெரியாது. எந்த இடத்தை எழுதுவதானாலும் ஒரு முறை அந்த நேரத்துக்கே போய் நடந்து பாருங்கள். ஆறு குறுக்கே வந்தால் அப்போதே தெரிந்துவிடும்.

கோடம்பாக்கத்தைக் கதைக்குள் இழுக்க ஆசை வரும். வடபழனி, ஏவி.எம்., வாகினி என்று பெயர்களை அடுக்குவது சுலபம். படப்பிடிப்பு என்றால் பெரும்பாலும் காத்திருப்பு என்பதை எழுதத் தெரிந்தால் மட்டும் உள்ளே போங்கள். இல்லாவிட்டால் ஒரு யோசனை தருகிறேன், எடுத்துக்கொள்ளுங்கள்: நடிகையை விட்டுவிட்டு, அவருக்கு டப்பிங் பேசும் பெண்ணை நாயகி ஆக்குங்கள். இருட்டான சின்ன அறை, ஒரு திரை, ஒரு மைக். வசனம் மட்டுமா, மூச்சு, விம்மல், மாடியேறி வந்து இளைப்பது வரை அவள்தான் கொடுக்க வேண்டும். ஷேர் ஆட்டோவில் அவள் "அண்ணா, இங்கே நிறுத்துங்கள்" என்கிறாள். பக்கத்தில் இருப்பவன் திடுக்கிட்டுத் திரும்பிப் பார்க்கிறான். அவனுக்கு அந்தக் குரல் தெரியும், முகம் தெரியாது. நான் எழுதலாம் என்று வைத்திருந்தேன், இனி எழுத மாட்டேன்.

ஏழாம் படி: குறுக்கே நிற்பது எது?

மாமன் மகள், சொத்துத் தகராறு, ஞாபகமறதி இவையெல்லாம் ஓய்வு பெற்றுவிட்டன. உண்மையில் இரண்டு பேருக்கும் நடுவே நிற்பது பெரும்பாலும் சாதி, அதற்கு அடுத்தபடியாகப் பணம். சென்னையில் வாடகைக்கு வீடு கேட்டுப் போனாலே "நீங்கள் என்ன ஆட்கள்?" என்ற கேள்வி வருகிறது. கல்யாணப் பேச்சு எடுத்தால் வராமலா இருக்கும்? காதல் கதையில் எதற்கு இதெல்லாம் என்று ஒதுக்குகிறவர்கள் உண்டு. ஒதுக்கினால் முதலில் போவது கதையின் நம்பகத்தன்மை. அந்தக் கேள்வியை யார் கேட்கிறார்கள், எவ்வளவு இனிமையாகக் கேட்கிறார்கள் என்பதை எழுதுங்கள். என் கதையில் அதைக் கேட்டது, எல்லோருக்கும் பிடித்துப்போன அதே பாட்டிதான். வாசகர்கள் என்னைத் திட்டினார்கள்.

எட்டாம் படி: நெருக்கம்

இதற்கு ஒரு சோதனை வைத்திருக்கிறேன். உங்களைத் தூண்டிய நடிகையே எதிரில் உட்கார்ந்து இந்தப் பக்கத்தைப் படித்தால், உங்களால் அதே அறையில் இருக்க முடியுமா? முடியாது என்றால் அது கதைக்குள் இருக்கக்கூடாது. அவருடைய உடலை நினைவூட்டும் வர்ணனை, அவருடைய படத்தை வெட்டி ஒட்டிய அட்டை, செயற்கை நுண்ணறிவில் செய்த முகம் எதுவும் வேண்டாம். அட்டைக்கு ஒரு காபி டம்ளர் போதும்.

தொடுதலை எழுதவே கூடாது என்று சொல்லவில்லை. நாயகியின் வேலைக்குள்ளேயே அது கிடைக்கும். முரளிக்குச் சர்க்கரை இல்லை, ஆனாலும் ஒரு நாள் தனக்கும் சோதித்துப் பார்க்கச் சொல்கிறான். அவள் அவன் கையைத் திருப்பி, முழங்கை மடிப்பில் விரலால் தட்டி நரம்பைத் தேடுகிறாள். எடுத்து முடித்ததும் பஞ்சை வைத்து, "இரண்டு நிமிடம் அழுத்திப் பிடியுங்கள்" என்கிறாள். சொல்லிவிட்டு, தானே பிடித்துக்கொண்டிருக்கிறாள். அந்த இரண்டு நிமிடத்தை நான்கு பக்கம் எழுதினேன்.

சட்டம், ஒரு சொல்லில்

தெரிந்திருக்க வேண்டியவை கொஞ்சம்தான். ஆட்டோ சங்கர் வழக்கு என்று நம் ஊரில் சொல்லப்படும் வழக்கில், 1994-இல் உச்ச நீதிமன்றம், ஒருவரின் திருமணம், குடும்பம், தாய்மை போன்றவற்றை அவர் சம்மதம் இல்லாமல் பிரசுரிக்கக்கூடாது என்றது. பொது ஆவணங்களில் இருப்பதற்கு விலக்கு உண்டு. ரஜினிகாந்த் தொடுத்த வழக்கில், 2015-இல், அவருடைய பெயரையும் உருவத்தையும் வசனம் பேசும் பாணியையும் ஒரு படம் பயன்படுத்தக்கூடாது என்று சென்னை உயர் நீதிமன்றம் சொன்னது. நட்சத்திரம் என்பதால் பெயர் பொதுச்சொத்து ஆகிவிடாது.

ஒரு படத்தின் பாத்திரங்களையும் கதையையும் அப்படியே தொடர்ந்து எழுத நினைத்தால் பதிப்புரிமை குறுக்கே வரும். படத்துக்கு அது வெளியான ஆண்டுக்கு அடுத்த ஆண்டிலிருந்து 60 ஆண்டுகள். பாடல் வரிகளுக்கு எழுதியவர் வாழ்ந்த காலமும் அதற்குப் பின் 60 ஆண்டுகளும். அத்தியாயத் தலைப்பில் பாட்டு வரி போடும் பழக்கத்தை விட்டுவிடுங்கள்.

இந்த இடத்தில் எனக்கு டி.பி. ராஜலட்சுமி நினைவு வரும். 1931-இல் வந்த முதல் தமிழ்ப் பேசும்படமான 'காளிதாஸ்' படத்தின் நாயகி. அவர் நாவலும் எழுதினார். தன் நாவலைத் தானே இயக்கி 1936-இல் 'மிஸ் கமலா' என்று படமாக்கினார். நடிகையைப் பற்றி எழுத உட்காரும்போது, அவர் நம்மைவிட நன்றாக எழுதக்கூடியவராக இருக்கலாம் என்ற நினைப்பு கொஞ்சம் பணிவைத் தரும்.

கடைசியாக: வெளியிடுவது

கைப்பேசியிலேயே தட்டச்சு செய்யலாம். நீளமாக எழுதப்போகிறீர்கள் என்றால் தமிழ்99 விசைப்பலகையைப் பழகிக்கொள்ளுங்கள், ஒரு வாரம் எரிச்சலாக இருக்கும், பிறகு விரல் ஓடும். பிரதிலிபி, வாட்பேட் என்று எந்தக் கதைத் தளத்தில் போட்டாலும் பாதிக் கதையையாவது எழுதி வைத்துக்கொண்டு முதல் அத்தியாயத்தை வெளியிடுங்கள். "அடுத்த யூடி எப்போது?" என்று, அதாவது அடுத்த அத்தியாயம் எப்போது என்று, கேட்கத் தொடங்கிவிட்டால், கையில் சரக்கு இல்லாதவர்கள் வாசகர் சொல்வதையெல்லாம் கதையில் செய்யத் தொடங்குவார்கள். பாட்டியைத் திருத்தச் சொல்லி எனக்கு வந்த கடிதங்கள் கொஞ்சமல்ல. அடுத்த ஐந்து அத்தியாயங்கள் முன்பே எழுதப்பட்டிருந்ததால் பாட்டி பிழைத்தாள்.

இருபத்து மூன்றாம் அத்தியாயத்தில் கதையை முடித்தேன். மூன்றாம் முறையாகக் காபி குடித்துவிட்டு உட்கார்ந்திருக்கும் பாட்டி, ரப்பர் பட்டையைக் கையில் வைத்துக்கொண்டு நிற்கும் திவ்யா, கதவோரத்தில் முரளி. இந்த முறை அவன் முதலில் சிரித்துவிடுகிறான், அவள் நிறுத்தாமல் முழுதும் சிரிக்கிறாள். எனக்கே பிடித்திருந்தது. தங்கைக்கு அனுப்பினேன். மறுநாள் காலையில் பதில் வந்திருந்தது.

"அக்கா, பாட்டிக்குச் சர்க்கரை எவ்வளவு இருந்தது? கடைசிவரை யாருமே பார்க்கவில்லையே?"

இருபத்து நான்காம் அத்தியாயம் எழுத உட்கார்ந்தேன்.